உபரி ஆசிரியர்: அரசு உதவிபெறும் கல்லூரியில் கணக்கு யார் கையில், பொறுப்பு யார் தலையில்?

கல்லூரி திறந்து மூன்றாம் நாள். வரலாற்றுத் துறை ஆசிரியர் ஒருவர் அலுவலகத்துக்குள் வந்து என் மேசைக்கு முன்னால் நின்றார். பன்னிரண்டு ஆண்டு பணி முடித்தவர். "சூப்பிரண்டு சார், நான் உபரியாம். காலையில் செயலர் கூப்பிட்டுச் சொன்னார். இனி நான் வகுப்புக்குப் போகலாமா, கூடாதா?" என்று கேட்டார். அவர் கையில் காகிதம் ஏதும் இல்லை. என்னிடமும் இல்லை. கல்லூரிக் கல்வி இயக்ககத்திலிருந்து கடிதம் வந்திருக்கவில்லை, கல்லூரிக் குழு தீர்மானம் போட்டிருக்கவில்லை, எந்தத் துறைக்கு வாரம் எத்தனை மணி வகுப்பு என்று காட்டும் அந்த ஆண்டின் பணிப்பளுப் பட்டியலை நாங்கள் இன்னும் தட்டச்சுகூடச் செய்யவில்லை. ஒரு மனிதரின் பிழைப்பு வாய்வார்த்தையில் தொங்கிக்கொண்டிருந்தது. "வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போடுங்கள், அடுத்த மணிக்கு வகுப்புக்குப் போங்கள்" என்றேன். இன்றைக்கும் யார் கேட்டாலும் என் முதல் பதில் அதுதான்.

கல்லூரி அலுவலகத்தில் கணக்கு எழுதியே முடி நரைத்தவன் நான். அந்தப் பட்டறிவை வைத்து, தமிழ்நாட்டின் அரசு உதவிபெறும் கலை அறிவியல் கல்லூரிகளுக்குப் புதிதாகப் பொறுப்பேற்கும் செயலர், முதல்வர், துறைத்தலைவர், அலுவலகப் பணியாளர், இவர்களோடு உபரி, அதாவது வகுப்புத் தேவைக்கு மேல் இருப்பவர், என்ற சொல்லை முதன்முதலாகக் கேட்டுக் கலங்கி நிற்கும் ஆசிரியர் ஆகியோருக்காக இதை எழுதுகிறேன். பள்ளிகளில் ஆகஸ்ட் 1 அன்று இருக்கும் மாணவர் எண்ணிக்கையை வைத்து ஆசிரியர் பணியிடங்களை நிர்ணயிப்பார்கள். கல்லூரிக் கணக்கு பாடவேளையில் நிற்கிறது. பள்ளிக் கணக்கைக் கல்லூரிக்குக் கொண்டுவந்து குழம்பியவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன்.

முதலில் சட்டத்தைக் கையில் எடுங்கள்

அலமாரியில் இருக்க வேண்டியவை இரண்டு: தமிழ்நாடு தனியார் கல்லூரிகள் ஒழுங்குமுறைச் சட்டம், 1976, அதன்கீழ் அதே ஆண்டில் வந்த விதிகள். பல கல்லூரிகளில் இந்தப் புத்தகம் செயலரின் வீட்டில் இருக்கும், அல்லது எங்கும் இராது. வாங்கி வையுங்கள். அரசாணைகள் மாறிக்கொண்டே இருக்கும். அவை நிற்கும் தரை இந்தச் சட்டம்.

இதில் மூன்று இடங்களை அடிக்கோடிட்டுக்கொள்ளுங்கள். ஒன்று, விதி 11. ஒரு கல்லூரியில் எத்தனை ஆசிரியர் இருக்கலாம் என்பதைக் கல்வித் தேவையையும் நிதி நிலையையும் கருதி இயக்குநர் நிர்ணயிப்பார், அந்த எண்ணிக்கையைத் தாண்டக் கூடாது என்கிறது அது. இரண்டு, 11-ஆம் பிரிவு. தனியார் கல்லூரிக்குக் கல்லூரிக் குழு இருக்க வேண்டும் என்று சொல்லும் பிரிவு. பணியாளர் பற்றிய முடிவு அந்தக் குழுவின் தீர்மானமாக வர வேண்டும், செயலர் தனியாக எடுக்கும் முடிவாக இருக்க முடியாது. மூன்று, 19-ஆம் பிரிவு. ஆசிரியரைப் பணிநீக்கம் செய்வதோ, பதவியிறக்குவதோ, வேறு எந்த வழியிலேனும் பணியை முடிப்பதோ உரிய அதிகாரியின் முன் ஒப்புதல் இல்லாமல் கூடாது.

"வேறு எந்த வழியிலேனும்" என்பதை இரண்டு முறை படியுங்கள். உபரி என்று சொல்லி வெளியே அனுப்புவதும் அதில் அடங்கும்.

பொறுப்பு எப்படிப் பிரிகிறது என்பது இந்த மூன்றிலிருந்தே தெரிந்துவிடும். எண்ணிக்கையை நிர்ணயிப்பது இயக்குநர். எண்ணிக்கைக்கு அடிப்படையான விவரத்தை உண்மையாகத் தருவது நிர்வாகம். நியமித்தது நிர்வாகம், ஆகவே வேலை தருபவர் என்ற கடமை அதன் தலையில். ஒப்புதல் பெற்ற பணியிடத்துக்குச் சம்பளம் அரசிடமிருந்து, மண்டல இணை இயக்குநர் அலுவலகம் வழியாக வருகிறது. சம்பளம் கருவூலத்திலிருந்து வருவதால் ஆசிரியர் அரசு ஊழியர் ஆகிவிடுவதில்லை. அரசியலமைப்பின் 311-ஆம் பிரிவு தரும் காப்பு அவருக்கு இல்லை. தொழிலாளர் சட்டத்தின் பக்கம் போகலாம் என்றால் அங்கும் கதவு அடைத்திருக்கிறது. ஆசிரியர் 'தொழிலாளி' என்ற சொல்லுக்குள் வரமாட்டார் என்று 1988-இல் சுந்தராம்பாள் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆக, உதவிபெறும் கல்லூரி ஆசிரியருக்குக் கூரை என்று இருப்பது இந்த 1976-ஆம் ஆண்டுச் சட்டமே. அதனால்தான் 19-ஆம் பிரிவை நான் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன்.

பணிப்பளுவை எண்ணும் முறை

உபரியா இல்லையா என்று கேட்பதற்கு முன் எண்ண வேண்டும். பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018-ஆம் ஆண்டு ஒழுங்குமுறைப்படி உதவிப் பேராசிரியருக்கு வாரம் 16 மணி நேரம் நேரடிக் கற்பித்தல், இணைப் பேராசிரியருக்கும் பேராசிரியருக்கும் 14 மணி. நம் ஊர்க் கல்லூரிகளில் ஒரு துறைக்கு எத்தனை பணியிடம் என்ற கணக்கைப் பெரும்பாலும் 16-ஆல் வகுத்தே பார்க்கிறோம்.

அந்த வரலாற்றுத் துறையின் கதையையே எடுத்துக்கொள்கிறேன். நாள் வரிசை ஆறு, நாளுக்கு ஐந்து பாடவேளை, ஒரு வகுப்புக்கு 30 மணி. இளங்கலை முதல் ஆண்டில் தமிழுக்கு 6, ஆங்கிலத்துக்கு 6, பொதுப் பாடத்துக்கு 2 போக, வரலாற்றுக்கு 16. இரண்டாம் ஆண்டிலும் 16. மூன்றாம் ஆண்டில் 28. மொத்தம் 60. முதுகலையில் இரண்டு ஆண்டுக்கும் சேர்த்து 60 இருந்திருக்க வேண்டும். அந்த ஆண்டு முதுகலை முதலாண்டில் ஒருவர்கூடச் சேரவில்லை, ஆகவே 30. ஆக 90 மணி. 16-ஆல் வகுத்தால் 5.6. துறையில் இருந்தவர்கள் ஏழு பேர். செயலர் சட்டைப்பையிலிருந்து பேனாவை எடுத்து இந்தக் கணக்கைப் போட்டார், கடைசி ஆள் உபரி என்றார்.

நானும் துறைத்தலைவரும் அன்று மாலை சுவரில் தொங்கிய பொதுக் கால அட்டவணையைக் கழற்றி மேசையில் விரித்தோம். வண்ணப் பென்சிலால் வரலாற்று ஆசிரியர் பெயர் வரும் கட்டங்களையெல்லாம் நிரப்பினோம். இளங்கலைத் தமிழ் முதலாண்டுக்குத் துணைப்பாடமாகத் தமிழக வரலாறு, 5 மணி. பொருளியல் இரண்டாமாண்டுக்குத் துணைப்பாடம், இன்னொரு 5. பிற துறை மாணவர் எடுக்கும் விருப்பப் பாடம், 2. சுற்றுச்சூழல் கல்வியும் விழுமியக் கல்வியும் மூன்று வகுப்புகளில் தலா 2, ஆக 6. விடுபட்டுப்போன 18 மணி சுவரிலேயே தொங்கிக்கொண்டிருந்தது. 108-ஐ 16-ஆல் வகுத்தால் 6.75. ஏழு பணியிடத்தில் கேள்விக்குரியதாக நின்றது கால் பங்கு மட்டுமே. அந்தப் பட்டியல் மண்டல அலுவலகத்துக்குப் போனது, உபரி என்ற பேச்சு அதோடு அடங்கியது.

இப்படி எல்லா இடத்திலும் கணக்கு ஆசிரியருக்குச் சாதகமாகவே முடியும் என்று சொல்லமாட்டேன். உண்மையாகவே பளு குறைந்த துறைகள் இருக்கின்றன. ஆனால் எண்ணுவதற்கு முன் யாரையும் உபரி என்று சொல்லக் கூடாது. எண்ணும்போது கவனிக்க வேண்டியவை:

ஒற்றைப் பருவம், இரட்டைப் பருவம் இரண்டுக்கும் தனித்தனிப் பட்டியல் போடுங்கள். ஒரு பருவத்தில் குறைந்து மறு பருவத்தில் நிறைகிற பளு உபரி ஆகாது. அறிவியல் துறைகளில் செய்முறை வகுப்பை மாணவர் குழு வாரியாக எண்ணுங்கள். இருபது பேருக்கு மேல் நிற்க இடமில்லாத ஆய்வகத்தில் நாற்பது பேரை ஒரே குழுவாகக் காட்டினால் பளு பாதியாகிவிடும், ஆய்வகத்தில் விபத்தும் நடக்கும். பாடத்திட்டம் மாறிய ஆண்டில் பழைய பட்டியலைப் படியெடுக்காதீர்கள். பாடத்திட்டத்தைத் தானே வகுத்துக்கொள்ளும் தன்னாட்சிக் கல்லூரியில் பாடக்குழு ஒரு தாளின் மணியை ஐந்திலிருந்து நான்காகக் குறைக்கும்போது, ஒரு ஆசிரியரின் வேலையில் பதினாறில் ஒரு பங்கும் குறைந்துவிடும் என்பதை அந்தக் கூட்டத்திலேயே யாராவது எழுந்து சொல்ல வேண்டும். பின்னம் வந்தால் அதை மேலே ஏற்றுவதா கீழே இறக்குவதா என்பதை அப்போது நடப்பிலுள்ள ஆணையைப் பார்த்து எழுதுங்கள், உத்தேசத்தில் எழுதாதீர்கள்.

இனி முக்கியமானது. சுயநிதிப் பிரிவின் வகுப்புகள் உதவிபெறும் பணியிடத்தின் கணக்கில் சேராது. இரண்டையும் கலந்து காட்டுவது தவறு. இதன் மறுபக்கம் அதைவிட மோசம். சில இடங்களில், விண்ணப்பிக்கும் பிள்ளைகளிடம் உதவிபெறும் பிரிவில் இடமில்லை என்று சொல்லி, கூடுதல் கட்டணத்துக்குச் சுயநிதிப் பிரிவில் சேர்த்துக்கொள்வார்கள். இரண்டு மூன்று ஆண்டில் உதவிபெறும் வகுப்பு காலியாகும். பிறகு அந்தத் துறை ஆசிரியரைக் கூப்பிட்டு, மாணவர் இல்லை, நீங்கள் உபரி என்பார்கள். ஏழை வீட்டுப் பிள்ளை குறைந்த கட்டணத்தில் படிக்க வேண்டிய இருக்கையையும் அந்த ஆசிரியரின் வேலையையும் ஒரே கையால் பறிப்பது இது. இதைப் பார்த்துக்கொண்டு சும்மா இருந்த நாட்களை நினைத்தால் எனக்கு இன்னும் நெஞ்சு வலிக்கிறது. புதிதாக வரும் முதல்வரே, சேர்க்கைப் பதிவேட்டை நீங்களே திறந்து பாருங்கள். உதவிபெறும் பிரிவு நிரம்பிய பிறகுதான் சுயநிதிப் பிரிவு தொடங்கியிருக்கிறதா என்று தேதியைப் பாருங்கள்.

உபரி உண்மையென்றால் யார் உபரி

பணியிடம் உபரியாவது ஒன்று, அதில் இருக்கும் ஆள் உபரியாவது வேறொன்று. முதலில் பணியிடம் உபரி என்பது எழுத்தில் உறுதியாக வேண்டும். அதன்பின், அதே பாடத்தில், அதே கல்லூரியில் பணிமூப்பில் கடைசியாக இருப்பவர் யார் என்று பார்க்க வேண்டும். கடைசியில் வந்தவர் முதலில் என்பதே நடைமுறையிலுள்ள நெறி. சங்கத்தில் பேசுகிறார், செயலரோடு ஒத்துப்போவதில்லை, உடம்புக்கு முடியாதவர் என்பதெல்லாம் காரணம் ஆகாது.

இதற்குப் பணிமூப்புப் பட்டியல் இருக்க வேண்டும். பல கல்லூரிகளில் இருக்காது. இருந்தாலும் ஆசிரியர்களின் கையெழுத்து இருக்காது. ஒவ்வோர் ஆண்டும் பட்டியலை வெளியிட்டு, ஆட்சேபம் சொல்ல அவகாசம் கொடுத்து, கையெழுத்து வாங்கி வைத்துவிட்டால், பின்னால் வரும் வழக்குகளில் பாதி வராமலே போகும். பணியேற்ற நாள் ஒன்றானால் எதை வைத்து முன்பின் பார்ப்பது என்பதையும் அந்தப் பட்டியலிலேயே எழுதித் தீர்த்துவிடுங்கள்.

அரசுக்கும் நிர்வாகத்துக்கும் பணியிடத்தை ஒழிக்கும் அதிகாரமே இல்லையா என்று கேட்டால், உண்டு. நம் மாநிலத்திலேயே பெரிய எடுத்துக்காட்டு இருக்கிறது. 1980 நவம்பரில் அவசரச் சட்டம் போட்டுக் கர்ணம், மணியம் உள்ளிட்ட பகுதிநேரக் கிராம அதிகாரிகளின் பதவிகளை அரசு ஒழித்தது. ஒரே நாளில் ஆயிரக்கணக்கானவர்கள் பதவி இழந்தார்கள். 1982-இல் ராஜேந்திரன் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லும் என்றது. நல்லெண்ணத்தோடு, நிர்வாகத் தேவைக்காகப் பதவியை ஒழிக்கலாம். ஒரு ஆளை வெளியேற்றுவதற்காகப் பதவியை ஒழித்ததாகக் காட்டினால் நீதிமன்றம் திரையை விலக்கிப் பார்க்கும். கல்லூரிக்கும் அதே அளவுகோல்தான். வரலாற்றுப் பணியிடத்தை ஒழித்துவிட்டு ஆறு மாதத்தில் அதே பாடத்துக்குத் தொகுப்பூதியத்தில் ஆள் எடுத்தால், ஒழிப்பு பொய் என்பதற்கு உங்கள் விளம்பரமே சாட்சி.

அனுப்புவதற்கு முன் செய்ய வேண்டியவை

பளு குறைந்துவிட்டது என்று உறுதியானதும் அடுத்த நாளே ஆளை வெளியேற்றும் எண்ணம் வரக் கூடாது. வழிகள் இருக்கின்றன. அவரது தகுதிக்குப் பொருந்தும் துணைப்பாடங்களையும் பொதுப் பாடங்களையும் முதலில் கொடுங்கள். துறையில் அடுத்த ஓரிரு ஆண்டில் ஓய்வு பெறுபவர் இருக்கிறாரா என்று பாருங்கள். இருந்தால் பிரச்சினை தானே தீர்ந்துவிடும், அதுவரை தொடர அனுமதி கேட்டு எழுதலாம். பிற துறையில் பளு கூடியிருக்கிறது, அங்கே பணியிடம் வேண்டும் என்றால், ஓய்வினால் காலியாகும் இடத்தைப் பாடம் மாற்றிக் கேட்டு இயக்ககத்துக்கு முன்மொழிவு அனுப்பலாம். ஒப்புதல் வரும்வரை மாற்றியதாக நினைத்து யாரையும் நியமித்துவிடாதீர்கள்.

ஒரே அறக்கட்டளையோ மறைமாவட்டமோ இரண்டு மூன்று உதவிபெறும் கல்லூரிகளை நடத்தினால், இன்னொரு கல்லூரியில் அதே பாடத்தில் காலியிடம் இருக்கிறதா என்பதே முதல் கேள்வி. ஒரு கையில் உபரியை வைத்துக்கொண்டு மறு கையால் புது ஆள் எடுக்க ஒப்புதல் கேட்கும் நிர்வாகத்துக்கு மண்டல அலுவலகம் என்ன பதில் எழுதும் என்று சொல்ல வேண்டியதில்லை.

பாடப்பிரிவையே மூடுவதாக இருந்தால் அது தனிக் கதை. பல்கலைக்கழகத்துக்கும் இயக்ககத்துக்கும் எழுதி, உரிய ஒப்புதல் பெறாமல் சேர்க்கையை நிறுத்தாதீர்கள். மூடும் முன்மொழிவிலேயே அந்தப் பிரிவு ஆசிரியர்களை எங்கே வைக்கப்போகிறீர்கள் என்று ஒரு பத்தி இருக்க வேண்டும். அந்தப் பத்தி இல்லாத கோப்பில் நான் கையெழுத்திட மறுத்திருக்கிறேன்.

பணிநிரவல் ஆணையில் எதைப் பார்க்க வேண்டும்

வேறு கல்லூரிக்கு அனுப்புவது என்று முடிவானால், அதற்குப் பணிநிரவல் என்று பெயர். இதில் கல்லூரிகள் இரண்டு, நிர்வாகங்கள் பெரும்பாலும் இரண்டு, மண்டல அலுவலகங்களும் சில நேரம் இரண்டு. எல்லாருடைய எழுத்தும் வேண்டும். ஆசிரியரின் விருப்பத்தைக் கேட்டு எழுதி வாங்குங்கள். ஏற்கும் கல்லூரியின் குழு தீர்மானம் போட வேண்டும். அங்கே அந்தப் பணியிடம் ஒப்புதல் பெற்ற காலியிடம்தானா, இன ஒதுக்கீட்டுச் சுழற்சியில் யாருக்குரிய இடம் என்றும் பார்க்க வேண்டும்.

ஆணை வந்ததும் ஆசிரியர்கள் ஊர் பெயரை மட்டும் பார்த்துவிட்டு மடித்து வைப்பார்கள். வரி வரியாகப் படியுங்கள். சம்பளம் குறையாது என்று எழுதியிருக்கிறதா? முந்தைய பணிக்காலம் ஓய்வூதியத்துக்குச் சேருமா? இது பெரிய விஷயம். 2003 ஏப்ரல் 1-க்கு முன் பணியில் சேர்ந்தவர் பழைய ஓய்வூதியத் திட்டத்தில் இருப்பார். மாறுதல் ஆணையில் 'புதிய நியமனம்' என்று ஒரு சொல் தவறி விழுந்தால்கூட அவருடைய முதுமை ஆட்டம் காணும். விடுப்புக் கணக்கு, பணி மேம்பாட்டுக்குரிய ஆண்டுகள், புதிய இடத்தில் பணிமூப்பு எங்கிருந்து தொடங்கும், தாய்க் கல்லூரியில் இடம் காலியானால் திரும்ப அழைப்பார்களா என்பனவும் ஆணையில் இருக்க வேண்டும். பணிப்பதிவேட்டைக் கடைசிப் பக்கம்வரை எழுதி முடித்து, விடுவிப்பு நாளின் முற்பகலா பிற்பகலா என்பதையும் குறித்து அனுப்புங்கள். ஒரு நாள் இடைவெளி விழுந்தால் அதைச் சரிசெய்ய ஆண்டுக்கணக்கில் அலைய வேண்டும்.

பணிநிரவலை அரைகுறையாக விட்டால் என்ன ஆகும் என்பதற்கு அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தைப் பார்க்கலாம். அது உதவிபெறும் கல்லூரி இல்லை, அங்கே சட்டமும் வேறு. 2013-இல் தனிச் சட்டத்தின் வழியே அரசு பொறுப்பேற்றபின், தேவைக்கு மேல் இருந்த ஆசிரியர்களை அரசுக் கல்லூரிகளுக்கு அனுப்பினார்கள். வேலை பார்ப்பது ஓரிடம், தாய் நிறுவனம் வேறிடம் என்று அவர்கள் ஆண்டுக்கணக்கில் இருந்தார்கள். காலம் முடியும்போதெல்லாம் நீட்டிப்பு வருமா என்று காத்திருப்பது எவ்வளவு கொடுமை என்பதை அப்படி வந்த ஒரு நண்பரின் முகத்தில் பார்த்திருக்கிறேன். பாடம் நடத்துவதில் அவர் குறை வைக்கவில்லை. வீட்டு வாடகை ஒப்பந்தத்தைப் பதினொரு மாதத்துக்கு மேல் எழுத அவருக்குத் துணிச்சல் வரவில்லை.

அதற்கு முன்னும் ஒரு பெரிய அலை அடித்தது. 1978-இல் மேல்நிலைக் கல்வி பள்ளிக்குப் போனபோது கல்லூரிகளில் இருந்த புகுமுக வகுப்பு நின்றது. வகுப்புகள் மொத்தமாகப் போனதில் தமிழ், ஆங்கிலத் துறைகளின் பளு சட்டென்று இறங்கியது. கல்விக் கொள்கையில் கோட்டையில் எடுக்கும் ஒரு முடிவு, எங்கோ ஒரு கல்லூரியின் கால அட்டவணையில் வெற்றுக் கட்டங்களாக வந்து சேர்கிறது. அப்படி உண்டாகும் உபரியை ஆசிரியரின் குற்றம்போலப் பேசுவது நியாயமே இல்லை. கொள்கையை மாற்றிய அரசுக்கு அவரை ஏற்று அமர்த்தும் கடமை உண்டு என்பதே என் உறுதியான கருத்து.

சிறுபான்மைக் கல்லூரியாக இருந்தால்

நம் மாநிலத்தில் உதவிபெறும் கல்லூரிகளில் கணிசமானவை சிறுபான்மை நிறுவனங்கள். அரசியலமைப்பின் 30-ஆம் பிரிவு, தங்கள் நிறுவனத்தை நிர்வகிக்கும் உரிமையை அவர்களுக்குத் தருகிறது. 2002-இல் பதினொரு நீதிபதிகள் அமர்ந்த டி.எம்.ஏ. பை வழக்கும், 2006-இல் முதல்வர் நியமனம் பற்றிய மலங்கரா கல்லூரி வழக்கும் மூன்று செய்திகளைச் சொல்கின்றன: யாரைத் தேர்ந்தெடுப்பது என்பது நிர்வாகத்தின் உரிமை, தகுதி, பணி நிபந்தனை, ஆசிரியரின் நலன் ஆகியவற்றுக்கு விதி செய்வது அரசின் உரிமை, உதவி பெறுவதால் நிர்வாக உரிமை போய்விடுவதில்லை.

ஆகவே வேறு கல்லூரியின் உபரி ஆசிரியரைச் சிறுபான்மைக் கல்லூரிக்கு அனுப்பும்போது அதன் எழுத்துபூர்வ இசைவைப் பெற்றுவிடுங்கள். இசைவு இல்லாமல் அனுப்பினால் வழக்கு வரும், நடுவில் தவிப்பது அந்த ஆசிரியர். அதேபோல், சிறுபான்மை நிறுவனம் என்ற காரணத்தைச் சொல்லித் தன் ஆசிரியரை ஒப்புதலோ விசாரணையோ இல்லாமல் வெளியேற்றலாம் என்று எந்தச் செயலரும் நினைக்க வேண்டாம்.

சம்பளம் நின்றால் யார் பொறுப்பு

இதைத் தெளிவாகத் தெரிந்துகொள்ளாத நிர்வாகங்கள் பின்னால் லட்சக்கணக்கில் கட்டியிருக்கின்றன. நிர்ணயித்த எண்ணிக்கைக்கு மேல் நிர்வாகம் நியமித்திருந்தால், அந்தச் சம்பளம் நிர்வாகத்தின் பணம். அரசிடம் கேட்க முடியாது. உதவி என்பது அடிப்படை உரிமை ஆகாது, அதோடு வரும் நிபந்தனைகளை ஏற்க வேண்டும் என்று 2021 செப்டம்பரில் உத்தரப் பிரதேசத்தில் இன்டர் காலேஜ் எனப்படும் மேல்நிலைப் பள்ளி ஒன்றின் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனால் அரசு மறுத்துவிட்டது என்பது ஆசிரியருக்கு நிர்வாகம் சொல்லும் பதிலாக இருக்க முடியாது. வேலை வாங்கியவர் கூலி தர வேண்டும்.

ஒப்புதல் பெற்ற பணியிடத்தில் இருப்பவரின் சம்பளம் வேறு. பல்கலைக்கழகத்தின் தகுதி ஒப்புதலும் மண்டல இணை இயக்குநரின் நியமன ஒப்புதலும் உள்ளவரை, உபரி என்று முறையான ஆணை வந்து, மாற்று ஏற்பாடு முடியும்வரை சம்பளப் பட்டியலில் அவர் பெயர் இருக்க வேண்டும். வாய்ப்பேச்சை நம்பிப் பட்டியலிலிருந்து பெயரை எடுக்கும் எழுத்தரும் பொறுப்பாளி ஆவார். என் கீழ் வேலை பார்த்த இளைஞர்களிடம் இதைத்தான் சொல்லிக்கொடுத்தேன்: ஆணை எண்ணும் தேதியும் இல்லாமல் பட்டியலில் ஒரு பெயரையும் சேர்க்காதே, ஒரு பெயரையும் எடுக்காதே.

ஆசிரியரே, உங்களுக்கு

வகுப்புக்குப் போவதை நிறுத்தாதீர்கள். பதிவேட்டைக் கொடுக்க மறுத்தால் அன்றே முதல்வருக்கு எழுதுங்கள். விருப்பக் கடிதம், ராஜினாமா, நீண்ட விடுப்பு என்று எதிலும் அந்த வாரம் கையெழுத்திடாதீர்கள். "இப்போது எழுதிக் கொடுங்கள், பிறகு பார்த்துக்கொள்ளலாம்" என்று அன்பாகவும் சொல்வார்கள்.

உங்கள் நியமன ஆணை, ஒப்புதல் செயல்முறைகள், நிர்வாகத்தோடு செய்த ஒப்பந்தம், பணிப்பதிவேட்டின் நகல் நான்கும் வீட்டில் இருக்க வேண்டும். இல்லாதவற்றைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் மண்டல அலுவலகத்தில் கேளுங்கள், 30 நாளில் பதில் தர வேண்டும். கூடவே உங்கள் கல்லூரிக்கு நிர்ணயித்த பணியிட எண்ணிக்கையையும், கடைசி மூன்று ஆண்டு பணிப்பளுப் பட்டியலையும் கேளுங்கள். மூட்டா, ஏ.யு.டி. போன்ற கல்லூரி ஆசிரியர் சங்கங்களில் இந்தக் கணக்கை விரல் நுனியில் வைத்திருப்பவர்கள் உண்டு, தனியாகப் போராட வேண்டியதில்லை. சட்டத்திலேயே மேல்முறையீட்டு வழி இருக்கிறது. அதற்கும் மேலே அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின்கீழ் உயர் நீதிமன்றம், தென்மாவட்டங்களுக்கு 2004 முதல் மதுரைக் கிளை. தாமதம் செய்யாதீர்கள். இரண்டு ஆண்டு கழித்துப் போனால் இவ்வளவு நாள் ஏன் வரவில்லை என்பதே முதல் கேள்வியாக இருக்கும்.

அந்த வரலாற்று ஆசிரியருக்கு அன்று நான் எழுதிக்கொடுத்த கடிதத்தைக் கீழே தருகிறேன். பெயரும் நாளும் மாற்றி யாரும் பயன்படுத்தலாம்.

"பெறுநர்: செயலர் அவர்கள், வழி: முதல்வர் அவர்கள். ஐயா, இன்று முற்பகல் தாங்கள் என்னை உபரி ஆசிரியர் என்று நேரில் தெரிவித்தீர்கள். இது குறித்து இயக்குநரின் ஆணையோ கல்லூரிக் குழுவின் தீர்மானமோ எனக்கு வழங்கப்படவில்லை. அவை இருப்பின் நகலும், கணக்கிட்ட பணிப்பளுப் பட்டியலும், என் துறையின் பணிமூப்புப் பட்டியலும் தந்து, என் விளக்கத்தைக் கேட்டு முடிவெடுக்குமாறு வேண்டுகிறேன். அதுவரை கால அட்டவணைப்படி என் வகுப்புகளை எடுத்துவருகிறேன். நகல்: மண்டல இணை இயக்குநர் அவர்களுக்கு."

நேரில் கொடுத்து, இரண்டாம் படியில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குங்கள். வாங்க மறுத்தால் ஒப்புகையோடு விரைவுத் தபாலில் அனுப்புங்கள். பதிவுத் தபால் 2025-இல் அதோடு இணைந்துவிட்டது. ரசீதின் மை சில மாதங்களில் மங்கிவிடும், அன்றே ஒரு நகல் எடுத்துக் கடிதத்தோடு சேர்த்துக் கட்டுங்கள்.